சில்லை பாடும் தூரம்

வெள்ளவத்தைக் கால்வாய்க் கரையில் கினிப்புல் கதிர் வைத்திருக்கிறது. எங்கள் மாடி வீட்டின் பின் யன்னலில் நின்றால் நன்றாகத் தெரியும். இன்று காலை அந்தப் புல்லில் பதினொரு சில்லைகள் இருந்தன. நேற்றுப் பதினான்கு. மிச்சம் மூன்றும் எங்கே போயின என்று தேடித் தேடித் தேநீரை ஆறவிட்டேன்.

"அப்பா, அதுகள் என்ன பள்ளிக்கூடப் பிள்ளைகளே, இடாப்பைப் பாத்துப் பேர் கூப்பிட?" என்றாள் மகள்.

கால்வாய்க் கரையை யாராவது துப்புரவாக்குகிறோம் என்று வந்து புல்லை வெட்டிவிட்டால் பதினொன்றும் போய்விடும். அந்தக் கவலை அவளுக்கு இல்லை.

சில்லை ஊர்க்குருவியிலும் சிறியது. தலையும் முதுகும் கறுவாப்பட்டை நிறம். நெஞ்சில் மட்டும் மெல்லிய பேனாவால் ஒவ்வொன்றாகக் கீறியதுபோல் மீன் செதில்கள். உடம்புக்குப் பொருந்தாத தடித்த அலகு, விதையை உடைப்பதற்கென்றே அமைந்தது. கொட்டாஞ்சேனையில் இதை நெல்லுக்குருவி என்பார்கள். எங்கள் கீழ்வீட்டுச் சிங்களக் குடும்பம் சொல்லும் 'வீ குருல்லா'வும் அதே கருத்துத்தான். ஆனால் கொழும்பில் நெல்வயல் எங்கே இருக்கிறது? ரயில் பாதை ஓரமும் கால்வாய்க் கரையும் பூட்டிக் கிடக்கும் காணிகளுமே இதற்கு வயல். இத்தனை சனம் நெருக்கி வாழும் நகரத்தில், ஒருவருக்கும் வேண்டாத புல்லை மட்டும் தின்றுகொண்டு ஒருவரையும் தொந்தரவு செய்யாமல் குடித்தனம் நடத்துகிறது. கதிரின் நுனியில் வந்து இறங்கும்போது தண்டு வளையுமே தவிர ஒடியாது. இந்த வயதிலும் அதைப் பார்க்க எனக்கு அலுப்பதில்லை.

நான் குருவி ஆராய்ச்சிக்காரன் அல்ல. கொழும்பில் ஓர் ஆஸ்பத்திரியின் காது, மூக்கு, தொண்டைப் பிரிவில் முப்பத்தொரு வருடம் செவிப்புலன் சோதித்தவன். அங்கே இப்போது வேலை செய்யும் பிள்ளைகள், உங்கள் காலத்தில் மிகவும் கஷ்டப்படுத்திய சோதனை எது என்று கேட்டு எழுதச் சொன்னார்கள். அவர்களிடம் இப்போது ஒரு யந்திரம் இருக்கிறது. தலையில் வயர்களை ஒட்டினால், நோயாளி தூங்கினாலும், காதுக்குள் போன சத்தம் மூளைக்கு எட்டியதா என்று அதுவே கோடாகக் கீறிக் காட்டிவிடும். நல்ல யந்திரம், குறை சொல்லவில்லை. ஆனால் தூங்குகிறவரிடம் வாயைத் திறந்து ஒன்றும் விசாரிக்க முடியாதே என்பது எனக்கு ஒரு குறையாகத்தான் படுகிறது. நான் எழுதப்போகும் சோதனை அந்த யந்திரத்திடம் போயிருந்தால் ஒரு மணித்தியாலத்தில் முடிந்திருக்கும். இந்தக் குருவி பாடும் என்பதும் எனக்குத் தெரியாமலே போயிருக்கும்.

பயிற்சிக் காலத்தைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. சில மாதங்கள் காது சோதிக்கும் ஒரு பழைய ஓடியோமீட்டரின் முன் உட்கார்த்தினார்கள், ஒரு பரீட்சை வைத்தார்கள், ஒரு வெள்ளைக் கோட் தந்தார்கள். உண்மையான பயிற்சி டொக்டர் மிஸிஸ் அருளம்பலத்திடம் வந்த பிறகுதான் தொடங்கியது.

உயரம் குறைந்தவர், பருத்திச் சேலை, எப்போதும் தாழ்ந்த குரல். மேசையில் ஒரு வெள்ளை மட்டை வைத்திருப்பார். நோயாளி வந்து அமர்ந்ததும் சாதாரணமாகக் கதைத்துக்கொண்டே இருந்து, திடீரென்று மட்டையை எடுத்துத் தன் வாயை மறைத்துக்கொண்டு கதையைத் தொடர்வார். உதட்டைப் பார்த்துப் பதில் சொல்கிறவர்கள் அந்த இடத்தில் நின்றுவிடுவார்கள். புறக்கோட்டையில் பிடவைக்கடை வைத்திருந்த வயதான முஸ்லிம் வியாபாரி ஒருவர், தனக்குக் காதில் ஒரு குறையும் இல்லை, மகன்மார்தான் வற்புறுத்தி அனுப்பினார்கள் என்று சொல்லிக்கொண்டே இருந்தார். டொக்டர் மட்டையை உயர்த்தினார். கிழவர் கொஞ்ச நேரம் மட்டையையே பார்த்திருந்துவிட்டு, "என்ன டொக்டர், கடையப் பூட்டிட்டீங்களே!" என்றார். டொக்டர் சிரித்து நான் கண்ட நாட்கள் குறைவு. அது அவற்றில் ஒன்று.

சோதனை அறையின் சுவர்களில் தும்பு மெத்தைகளை அடித்திருந்தோம். இரட்டைக் கதவு. உள்ளே நோயாளி, கண்ணாடிக்கு வெளியே நான். கேட்டால் விரலைத் தூக்க வேண்டும், கேட்காவிட்டால் இறக்க வேண்டும். தூக்கினால் பத்து டெசிபெல் குறைப்பேன், தூக்காவிட்டால் ஐந்து கூட்டுவேன். எங்கே மூன்று தடவையில் இரண்டு தடவை விரல் எழுகிறதோ அந்தப் புள்ளியைக் குறிப்பேன். சொன்னால் இலகு. ஆனால் தொனியைத் தாளத்தில் கொடுத்தால் நோயாளி தாளத்துக்கு விரல் தூக்குவார். தொனி ஆளியை அழுத்தும்போது என் புருவம் அசைந்தால் புருவத்துக்குத் தூக்குவார். டொக்டர் என் பின்னால் வந்து நின்று, என் கையைப் பார்க்காமல் முகத்தையே பார்ப்பார்.

"தம்பி, கேக்குதோ எண்டு ஒருநாளும் கேளாதையும். கேக்காத ஆளுக்கு அந்தக் கேள்வியும் கேக்காது. கேக்கிற ஆளுக்கு அது தேவையில்லை."

இறக்குமதி நின்றுபோயிருந்த வருடங்கள் அவை. ஹெட்போனின் பஞ்சு கிழிந்தால் புதிது கிடையாது. டொக்டர் வீட்டுக்குக் கொண்டுபோய்த் தன் கையால் தைத்து வருவார். தையல் வெளியே தெரியாது.

அந்த வருடங்களில் ஒன்றில்தான் வேலுச்சாமி வந்தார். கொட்டாஞ்சேனைக்கு அப்பால் அப்போது இருந்த ஒரு நெசவாலையின் தறிக்காரர். இந்தியாவிலிருந்து வந்த குடும்பம், ஆலைக் குவாட்டர்ஸில் குடியிருப்பு. தறிக்கூடத்தில் இருபத்திரண்டு வருடம். காது கேட்கவில்லை என்று ஆலையில் முறையிட்டிருந்தார். ஆலையின் விதி இதுதான்: தறிச் சத்தத்தால் காது கெட்டது என்று நாங்கள் சொன்னால் அதே சம்பளத்தில் துணிக் களஞ்சியத்துக்கு மாற்றுவார்கள். நடிக்கிறார் என்று சொன்னால் ஏமாற்றியதற்காக வேலை நீக்கம், குவாட்டர்ஸையும் விட வேண்டும். அவருக்கு முன் மூன்று பேர் மாற்றம் பெற்றுப் போயிருந்ததால், நாலாவது ஆளை ஆலை நம்பத் தயாராக இல்லை.

கூடவே மனைவி வந்திருந்தார். பொன்னுத்தாய் என்று பெயர். கணவனுக்கும் சேர்த்து அவரே பேசினார்.

"இவருக்குப் பாதி கேக்கும், பாதி கேக்காதுங்க. எந்தப் பாதின்னு கட்டிக்கிட்ட எனக்கே தெரியல. கடன்காரன் வந்தா கேக்குது, கருவாடு வாங்கியாரச் சொன்னா கேக்கல."

அவர் பகிடியாகச் சொன்னாலும் எங்கள் சிக்கல் முழுவதும் அந்தப் பாதியில்தான் இருந்தது. முழுச் செவிடரைச் சோதிப்பது இலகு. வேலுச்சாமிக்குத் தாழ்ந்த தொனிகள் கேட்டன. லொறி, ஆலைச் சங்கு, பெயர் சொல்லிக் கூப்பிடும் ஆண் குரல் எல்லாம் கேட்டன. தொனி உயர உயர விரல் எழுவது பிந்தியது. வினாடிக்கு நாலாயிரம் அதிர்வுள்ள தொனியில், யந்திரத்தைக் கடைசிவரை கூட்டியும் எழவே இல்லை. பிறகு பத்திரிகையைக் கொடுத்து உரக்க வாசிக்கச் சொல்லி, ஹெட்போனில் இரைச்சலை அனுப்பினேன். காது நன்றாக உள்ளவர் தன்னை அறியாமலே குரலை உயர்த்துவார், செவிடர் உயர்த்தமாட்டார். இவர் உயர்த்தினார். ஆனால் பிந்தி, கொஞ்சமாக. நல்ல காதும் அல்ல, செவிடும் அல்ல. வேறு வேறு மூன்று நாட்களில் கூப்பிட்டுச் சோதித்தேன். மூன்று வரைபுகளும் ஒன்றின்மேல் ஒன்று படிந்தன. நடிக்கிறவரால் அப்படித் திருப்பிச் செய்ய முடியாது. டொக்டரும் கையெழுத்திட ஆயத்தமானார்.

அப்போது ஆலையின் நலன்புரி உத்தியோகத்தர் வந்து சேர்ந்தார். மிஸ்டர் சேவியர், கொட்டாஞ்சேனைக்காரர், நாற்பது வயது இருக்கும். கெட்டவர் என்று சொல்லமாட்டேன். தொழிலாளரின் பிள்ளைகளுக்குக் கொப்பி வாங்கிக் கொடுப்பார் என்று பொன்னுத்தாயே பிறகு சொன்னார்.

"டொக்டர், நான் கண்ணால கண்டனான்" என்றார். "அவர்ட குவாட்டர்ஸ் வாசல்ல ஒரு குருவிக்கூடு. ஒவ்வொரு நாளும் வேலை முடிஞ்சு வந்து அதுக்குக் கீழ கதிரையப் போட்டு, தலையச் சரிச்சு, குருவி பாடுறதக் கேட்டுக் கேட்டுச் சிரிச்சிட்டு இருக்கிறார். நான் பைப்படியில நிண்டு பாத்தனான். குருவி பாடுறது கேக்கிற மனுசனுக்குத் தறி கேக்காதோ?"

எனக்குக் கோபம் வந்தது. மூன்று வரைபு இருக்கிறது, இவர் பைப்படிக் கதை சொல்கிறார். டொக்டருக்குக் கோபம் வரவில்லை. பேனாவை மூடி வைத்தார்.

"தம்பி, குருவிச் சத்தம் மெல்லியது, உயர்ந்த தொனி. அது அவருக்குக் கேக்குமெண்டால் உம்மட மூண்டு கோடும் பிழை. என்ன குருவி, மிஸ்டர் சேவியர்?"

"நெல்லுக்குருவி."

"அது எந்தத் தொனியில பாடும்?"

மூவரும் ஒருவரை ஒருவர் பார்த்தோம். ரயிலிலும் கால்வாய்க் கரையிலும் அந்தக் குருவிகளை எண்ணிக்கொண்டே வேலைக்குப் போய் வந்தவன் நான். பறக்கும்போது 'டிட்டி, டிட்டி' என்று ஒன்றையொன்று கூப்பிடுவது தெரியும். பாட்டு? கேட்டதாக ஞாபகமே இல்லை. குருவி என்றால் பாடும், பாடினால் கேட்கும் என்று எல்லோரையும்போல நானும் விட்டிருந்தேன்.

"அவர் பொய் சொல்லுறார் எண்டு நினைச்சும் போகாதையும், உண்மை சொல்லுறார் எண்டு நினைச்சும் போகாதையும்" என்றார் டொக்டர். "குருவியக் கேட்டுக்கொண்டு வாரும். மிஸ்டர் சேவியர், நீங்களும் போங்கோ. நிண்ட இடத்திலயே நில்லுங்கோ."

ஞாயிற்றுக்கிழமை காலை போனோம். ஒரே கூரையின் கீழ் எட்டு வீடுகள், முன்னால் சேவியர் சொன்ன பைப்படி, பொதுத் தண்ணீர்க் குழாய், அதற்கு அப்பால் ஆலை மதில்வரை ஆளுயரக் கினிப்புல். வேலுச்சாமியின் வாசலில் போகன்விலாக் கொடி கூரைவரை ஏறியிருந்தது. அதன் முட்களுக்குள், வாசல் நிலைக்குச் சற்று மேலே, கூடு. உரித்த தேங்காய் அளவில் புல்லால் பின்னிய பந்து. பக்கவாட்டில் ஒரு துவாரம், மழை உள்ளே இறங்காதபடி அதற்கு மேல் புல் நீட்டிக்கொண்டிருந்தது. தன்னைப்போல் மூன்று மடங்கு நீளமான புல்லிதழை வால்போல் இழுத்துக்கொண்டு ஒரு சில்லை மதில் பக்கமிருந்து வந்தது. ஆணும் பெண்ணும் மாறி மாறி வந்தன. நான் அங்கிருந்த நேரத்தில் பத்தொன்பது தடவை. எதுவும் சிக்கவில்லை, எதுவும் கீழே விழவில்லை. அந்த வாசலால் ஆட்கள் போய்வரும் ஓட்டத்துக்கு அவை பழகியிருந்தன. எங்களை ஒரு பொருட்டாக எடுக்கவில்லை.

வேலுச்சாமி கதிரையைப் போட்டுத் தந்தார். சேவியர் பைப்படிக்குப் போய் நின்றார். கொஞ்ச நேரத்தில் ஒரு சில்லை உடுப்புக் காயப்போடும் கம்பியில் வந்து அமர்ந்தது. உடம்பை நிமிர்த்தியது. தலை இறகு சிலிர்த்தது. அலகு லேசாகத் திறந்து திறந்து மூடியது, தொண்டை நடுங்கியது, இடமும் வலமுமாக மெல்லத் திரும்பியது.

"இந்தா, இப்ப பாடுது!" என்றார் சேவியர்.

"எப்பிடிப் பாடுது?"

"பொறுங்க. பஸ் போகுது."

பஸ் போய் முடிந்தது. அவர் தலையைச் சரித்தார்.

"கோயில் மணி அடிக்குதே, அதால..."

மணி ஓய்ந்தது. குருவி இன்னும் பாடிக்கொண்டிருந்தது. சேவியர் ஓரடி வந்தார், இன்னும் ஓரடி வந்தார். பாதி முற்றம் தாண்டியபோது அவர் முகத்தில் இருந்த நிச்சயம் போயிருந்தது.

கையை நீட்டினால் தொடக்கூடிய தூரத்தில் நான் இருந்தேன். மூச்சை அடக்கிக் கேட்டேன். முதலில் ஒன்றும் இல்லை. பிறகு, பக்கத்து அறையில் யாரோ தாளில் பென்சிலை மெல்ல இழுப்பதுபோல ஒரு கீறல். அதன் நடுவில் நூலிலும் மெல்லிய ஊதல் ஒன்று, வந்தது தெரியுமுன் போய்விட்டது. அவ்வளவுதான் அதன் பாட்டு.

அப்போது இன்னொரு சில்லை வந்து பாடுகிற குருவியை ஒட்டி அமர்ந்தது. கழுத்தை நீட்டித் தன் தலையை அதன் தொண்டையோடு சேர்த்துச் சரித்து வைத்துக்கொண்டது. பாட்டு முடியும்வரை அசையவில்லை. முடிந்ததும் எழுந்து போனது. கொட்டாஞ்சேனையின் லொறிகளுக்கும் மணிகளுக்கும் ஆலைச் சங்குக்கும் நடுவில் ஒரு விரல்கடைத் தூரத்துக்கு மட்டும் அளந்து பாடுகிற ஓர் உயிர் இருக்கிறது, அதைக் கேட்க வேண்டியது பக்கத்தில் வந்து கேட்கிறது. காது சோதிக்கிறவனாகச் சொல்கிறேன், அதைவிட அழகான ஒன்றை நான் கண்டதில்லை.

நான் எழுந்து கதிரையைச் சேவியருக்குக் கொடுத்தேன். குருவி மீண்டும் தொடங்கியது. அவர் கழுத்தை நீட்டிக் கேட்டார். வெகுநேரம் கேட்டார்.

"ஒண்டும் கேக்கேல்லையே!"

பொன்னுத்தாய் கணவனின் காதருகே குனிந்து, "ஐயாவுக்கும் கேக்கலையாம்!" என்று கத்தினார்.

வேலுச்சாமி எங்களை மாறி மாறிப் பார்த்தார். "ஒங்களுக்குமா கேக்கல? காது நல்லாருக்கிறவங்களுக்குமா?"

நான் தலையாட்டினேன். மிகக் கிட்டப் போனால் கொஞ்சம் என்று விரலால் காட்டினேன். அவர் வாசற்படியில் உட்கார்ந்துவிட்டார்.

"நான் டெய்லி பாக்குறேங்க. வாயத் தொறக்குது, தொண்ட ஆடுது, எனக்கு ஒண்ணும் வரல. ஒரு நாளாவது வருமான்னு காதக் குடுத்துக்கிட்டு ஒக்காந்திருப்பேன். வரல. சரி, முழுசாப் போச்சு, இன்னும் கொஞ்ச நாள்ல இவ கத்துறதும் கேக்காதுன்னு நெனச்சு..."

"அப்ப ஏன் சிரிக்கிறவர்?" என்று சேவியர் மெல்லக் கேட்டார்.

"சிரிப்பு இல்லீங்க ஐயா" என்றார் பொன்னுத்தாய். "கேக்கணும்னு மூஞ்சிய இறுக்குவாரு. பல்லு தெரியும். தூர நின்னு பாத்தா சிரிப்பாத்தான் இருக்கும்."

வேலுச்சாமிக்குக் கேட்கிறது என்று சேவியர் நினைத்ததும், தனக்குக் கேட்கவில்லையே என்று வேலுச்சாமி பயந்ததும் ஒரே பிழையில் பிறந்தவை. இருவருமே அந்தப் பாட்டு உலகத்துக்குக் கேட்கும் என்று எடுத்துக்கொண்டிருந்தார்கள்.

"முழுசாப் போகல" என்று உதட்டை நன்றாக அசைத்து வேலுச்சாமியிடம் சொன்னேன். "கீழ்ச் சத்தம் இருக்கு. தறிய விட்டா அது போகாம நிக்கும்." அவர் என் வாயையே பார்த்திருந்தார். பிறகு கம்பியில் இருந்த குருவியை நிமிர்ந்து பார்த்து, சத்தமாக, தன் சத்தம் தனக்குத் தெரியாத அளவுக்குச் சத்தமாகச் சிரித்தார். குருவி பறந்துவிட்டது. "போச்சு, வெரட்டியாச்சு!" என்று பொன்னுத்தாய் ஏசினார்.

திங்கட்கிழமை சேவியர் தானாகவே ஆஸ்பத்திரிக்கு வந்தார். அதற்காக அவரை மதிக்கிறேன். வராமல் இருந்திருக்கலாம், தொலைபேசியில் மழுப்பியிருக்கலாம்.

"நான் பிழையா விளங்கிட்டன், டொக்டர். அவர் கேக்கேல்ல. பாத்துக்கொண்டு இருந்திருக்கிறார்."

டொக்டர் பேனாவைத் திறந்து கையெழுத்திட்டார். வேலுச்சாமி அதே சம்பளத்தில் துணிக் களஞ்சியத்துக்குப் போனார், வீடும் நிலைத்தது. அடுத்தடுத்த வருடங்களில் அவரைச் சோதித்தபோது கோடு ஏறவில்லை, இறங்கவும் இல்லை. எங்கள் தொழிலில் அது பெரிய வெற்றி.

அந்தத் திங்கட்கிழமை, கையெழுத்தான தாள் ஆலைக்கொரு பிரதி எடுக்கத் தட்டச்சுக்குப் போயிருந்தது, சேவியர் வெளியே காத்திருந்தார். டொக்டர் என்னைப் பக்கத்து அறைக்குக் கூப்பிட்டு நடந்ததை முழுவதும் கேட்டார். கூடு, கம்பி, பக்கத்தில் வந்த குருவி எல்லாம் சொன்னேன். ஒரு விஷயத்தைச் சொல்வதா விடுவதா என்று தடுமாறியதையும் கண்டுபிடித்தார்.

"என்ன, தம்பி?"

"அந்தக் கதிரையில இருந்து கேட்டா எனக்குக் கொஞ்சம் கேட்டது, டொக்டர். அதே கதிரையில சேவியருக்குக் கேக்கேல்லை."

அவர் எழுந்து வெளியே வந்தார்.

"மிஸ்டர் சேவியர், ஆலையில எத்தனை வருஷம்?"

"பதினேழு, டொக்டர்."

"தறிக்கூடத்துக்குள்ள போறனீங்களோ?"

"காலையும் பின்னேரமும் ஒரு சுத்துச் சுத்தாமல் என்ர வேலை நடக்குமா?"

"தாள் வர இன்னும் கொஞ்ச நேரமாகும். சும்மாதானே இருக்கிறீங்கள். தம்பி, இவரை உள்ளுக்கு இருத்தும்."

"பாத்தீங்களா, என்னையும் பிடிச்சிட்டீங்க" என்று சிரித்துக்கொண்டே சேவியர் போய் உட்கார்ந்தார். ஹெட்போனை மாட்டி, கதவுகள் இரண்டையும் சாத்தினேன். ஐந்நூறில் விரல் உடனே எழுந்தது. ஆயிரத்திலும் எழுந்தது. ஒவ்வொரு முறையும் பெருமையாகத் தூக்கிக் காட்டினார். இரண்டாயிரத்தில் சற்றுப் பிந்தியது. நாலாயிரத்துக்குத் திருப்பினேன். இருபது டெசிபெல், நல்ல காதுக்கு அதிலேயே கேட்டுவிடும். இருபத்தைந்து, முப்பது. டொக்டர் என் பின்னால் வந்து நின்று முகத்தைப் பார்ப்பது தெரிந்தது. என் புருவம் அசையக்கூடாது. முப்பத்தைந்து, நாற்பது, நாற்பத்தைந்து. கண்ணாடிக்கு அப்பால் சேவியர் விரலை ஆயத்தமாக மடித்து வைத்துக்கொண்டு, சோதனை இன்னும் தொடங்கவில்லை என்ற எண்ணத்தில் என்னைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்.